பச்சைப் பட்டி

பாக்கெட்டைப் படிக்கும்போது பெரிய எழுத்தை விட்டுவிட வேண்டும், ஐயா. பெரிய எழுத்தில் இருப்பது கம்பெனிக்காரன் ஆசைக்கு வைத்த பெயர். ஒருவன் சிங்கம் என்பான், ஒருவன் காவலன் என்பான், இன்னொருவன் வாயில் நுழையாத எதையாவது வைத்து, பக்கத்தில் ஒரு தக்காளிப் படத்தையும் போட்டுவிடுவான். அதற்குக் கீழே, கண்ணாடி போட்டால்தான் தெரிகிற அளவில், இன்னொரு பெயர் இருக்கும். அதுதான் தொழில்நுட்பப் பெயர். உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்வது அது ஒன்றுதான். மற்றதெல்லாம் சட்டை.

நீங்கள் பெரியாயி அக்காவின் சாவைப் பற்றிக் கேட்கிறீர்கள், நான் பாக்கெட்டைப் பற்றிப் பேசுகிறேன் என்று உங்களுக்கு எரிச்சலாக இருக்கும். ஆனால் இந்தப் பெயர் விஷயம் விளங்காமல் நடந்தது விளங்காது. சிவப்புப் பட்டி மருந்து எது என்பதை வந்து உட்கார்ந்தவுடனேயே சொல்லிவிட்டேன். உங்கள் பொலிஸ்காரர்களும் லயம் லயமாக, ஒவ்வொரு வரிசை வீடாகப் போய்ப் பாக்கெட்டுகளைப் பொறுக்கிக்கொண்டிருக்கிறார்கள். ஆகவே மீதியை ஆறுதலாக, அவசரமில்லாமல் சொல்லலாம். தேத்தண்ணிக்கு நன்றி. சீனி கொஞ்சம் கூடத்தான், பரவாயில்லை.

என்னை எல்லாரும் மருந்துக்கடை ஜெயகுமார் என்பார்கள். பூனாகலையில் பஸ் திரும்புகிற இடத்துக்கு மேலே என் கடை, அதை ஒட்டியே வீடு. அப்பாவும் அம்மாவும் தோட்டத்தில் வேலை செய்தவர்கள். நான் மட்டும் தேயிலை மலைக்குப் போகாமல் கடை போட்டேன். தோட்டத்து ஆட்கள் கொழுந்து எடுத்துவிட்டு வந்து, லயத்துக்குப் பின்னால் கிடைக்கிற நிலத்தில் போஞ்சி, தக்காளி, உருளைக்கிழங்கு போடுவார்கள். அந்தப் பயிருக்கு மருந்து கொடுப்பது என் தொழில். எங்களுக்குப் பிள்ளை இல்லை. நானும் விஜயலெட்சுமியும்தான். அவள் கடைசிவரை மலைக்குப் போனாள். கடையில் உட்காரச் சொன்னால், மருந்து வாடை தலையைச் சுற்றுகிறது என்பாள்.

எங்கள் ஆட்களிடம் ஒரு பழக்கம் உண்டு. மருந்து முடிந்தால் வெறும் பாக்கெட்டைக் கழுவிக் காயவைத்து, மடித்து, கடைக்குக் கொண்டு வருவார்கள். "இதே மாதிரி ஒண்ணு குடுங்க" என்று மேசையில் வைப்பார்கள். பெயரைச் சொல்லிக் கேட்டால் தப்பாகிவிடுமோ என்று பயம். பாக்கெட்டே பேசிவிடும் அல்லவா. அந்த வெறும் பாக்கெட்டுகளை நான் எறிவதில்லை. கடைக்குப் பின்னால் ஒரு சாக்கில் சேர்த்து வைத்திருந்தேன்.

அதிலே ஒரு சிக்கலும் இருந்தது. இலை கருகல் நோய்க்குச் சிங்கமும் வாங்குவார்கள், காவலனும் வாங்குவார்கள். இரண்டையும் ஒரே வாளியில் கலக்கி அடித்தால் இரண்டு மருந்தின் பலம் என்று நினைப்பு. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சின்ன எழுத்தைக் காட்டுவேன். இதிலும் மன்கோசெப், அதிலும் மன்கோசெப். மங்கனீசும் நாகம் என்கிற துத்தநாகமும் சேர்ந்த சரக்கு, அதனால்தான் அந்தப் பெயர் என்று பண்டாரவளையில் ஒரு வகுப்பில் சொல்லிக்கொடுத்தார்கள், அதையும் சொல்வேன். பக்கத்தில் உள்ள இலக்கம் நூற்றுக்கு எவ்வளவு மருந்து என்பது. கீழே ஓடுகிற பட்டியின் நிறம் ஆபத்தின் அளவு. பச்சை என்றால் பயம் குறைவு, சிவப்பு என்றால் எமன். "ஒரே ஆளு ரெண்டு சட்ட போட்டுக்கிட்டு வந்திருக்கான், ரெண்டு பேருக்கும் சோறு போடுவீங்களா?" என்று கேட்பேன். சிரிப்பார்கள். அதற்குப் பிறகு என்னிடம் படித்துக் கேட்காமல் ஒரு பாக்கெட்டையும் பிரிப்பதில்லை என்று ஆகிவிட்டது. வேறு கடையில் வாங்கியதைக்கூட என்னிடம் கொண்டு வந்து படிக்கச் சொல்வார்கள். எனக்கு அது பிடித்திருந்தது. பிடித்திருந்தது என்று சொன்னால் போதாது. அதற்காகத்தான் நான் காலையில் கடையைத் திறந்தேன்.

ஒரு நாள் பெரியாயி அக்கா, "பங்கசு நாசினின்னு போட்டிருக்குன்னியே, பங்கசுன்னா என்னா தம்பி?" என்று கேட்டார். அவர் என் மனைவியோடு ஒரே நிரையில் கொழுந்து எடுக்கிறவர். விஜயலெட்சுமிக்கு அவர்தான் தாய் மாதிரி, தோழி மாதிரி, சண்டைக்காரி மாதிரி எல்லாம்.

"பூஞ்சணம்தான் அக்கா. பாண் பழசானா பூக்குதே, அது. மழைக்கு ஒங்க கால் வெரலுக்கு நடுவுல வருதே சேத்துப்புண்ணு, அதுவும் அந்த ஜாதிதான்" என்றேன்.

விளக்கத்துக்காகச் சொன்னேன். அக்கா அதைப் பிடித்துக்கொண்டார். அடுத்த மழைக்கு, மிஞ்சிக் கிடந்த தூளைத் தேங்காயெண்ணெயில் குழைத்து விரல் இடுக்கில் பூசியிருக்கிறார். புண் காய்ந்துவிட்டது. அவ்வளவுதான், லயம் முழுக்கப் பரவிவிட்டது. மழைக்காலத்தில் நாள் முழுக்கச் சேற்றில் நிற்கிற கால்கள், ஐயா. பார்த்திருக்கிறீர்களா? வெள்ளையாக ஊறி, வெடித்து, அட்டை கடித்த இடமெல்லாம் திறந்து கிடக்கும். வாசல் பக்கத்தில் இரண்டு டின் வைத்திருப்பார்கள். அட்டைக்கு உப்பு, புண்ணுக்கு ஜெயகுமார் தூள். ஆமாம், அப்படித்தான் பெயர் வைத்தார்கள். புண்ணில் பூசச் சொல்லி எந்தக் கம்பெனியும் எழுதவில்லை. நானும் சொல்லவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை. பச்சைப் பட்டிதானே.

போன சித்திரை முடிவில் உரமும் மருந்தும் நாட்டுக்குள் வரக்கூடாது என்று சட்டம் வந்தது. உங்களுக்குத் தெரியாததா. கடையில் இருந்தது ஆடி ஆவணியோடு தீர்ந்தது. ஐப்பசி மழை தொடங்கியது, கருகலும் தொடங்கியது. காலையில் இலையில் ஒரு புள்ளி, மறுநாள் பார்த்தால் பாத்தி முழுக்க வெந்நீர் ஊற்றிய மாதிரி. ஆட்கள் மடித்த பாக்கெட்டோடு வந்து நின்றார்கள். "இதே மாதிரி ஒண்ணு குடுங்க." நல்லையா என்று ஒருவர், தோட்டத்தின் பக்கத்துப் பிரிவு ஆள், உருளைக்கிழங்கை நம்பி மகளுக்குக் கல்யாண நாள் குறித்துவிட்டவர். கருகிய செடியை வேரோடு பிடுங்கிக்கொண்டு வந்து என் மேசையில் வைத்துவிட்டு அப்படியே நின்றார். ஒரு மனிதன் அழாமல் நின்றால் பார்க்க முடிவதில்லை.

"இல்லேன்னு சொல்லிருங்க. இல்லாதத எங்கேருந்து குடுப்பீங்க? நாட்டுக்கே இல்லாததுக்கு நீங்க என்னா செய்வீங்க?" என்றாள் விஜயலெட்சுமி.

அவள் சொன்னது சரி. ஆனால் இல்லை என்ற சொல் எனக்கு வாயில் வருவதில்லை. மற்றக் கடைக்காரர்கள் கதவைச் சாத்திவிட்டுப் போய்விட்டார்கள். ஜெயகுமாரிடம் இருக்கும் என்று நம்பி மழையில் மலை ஏறி வந்தவர்களை வெறுங்கையோடு அனுப்பினால், அதற்குப் பிறகு நான் யார்? சின்ன எழுத்துப் படிக்கத் தெரிந்த ஒரு ஆள், அவ்வளவுதான். அந்த நாட்களில் நான் தூங்கவில்லை, ஐயா. செத்துவிடலாம் என்றிருந்தது. நான் என்னைச் சொல்கிறேன்.

கடைக்குப் பின்னால், பலகைக்கு அடியில், ஒரு மூட்டை இருந்தது. பழைய பூச்சிமருந்துத் தூள். பல வருஷத்துக்கு முன்பே அதைத் தடைசெய்து, ஆபீசர்மார் வந்து கடைகளில் இருந்ததையெல்லாம் எடுத்துக்கொண்டு போனார்கள். நான் ஒரு மூட்டையைக் கொடுக்கவில்லை. எறிய மனம் வரவில்லை, வேறு காரணம் இல்லை. சிவப்புப் பட்டி. அது பூச்சியைக் கொல்லும், கருகலை ஒன்றும் செய்யாது. இதுவும் எனக்குத் தெரியும். இதை விற்றவனுக்கு விவரம் தெரியாது என்று எழுதிவிடாதீர்கள். தெரிந்துதான் செய்தேன்.

வெறும் பாக்கெட் சாக்கு நிறைய இருந்தது. எல்லாம் அவர்களே கழுவிக் காயவைத்துத் தந்தது. ஆனால் மன்கோசெப் மஞ்சள் நிறம், இது வெள்ளை. அந்த வருஷம் கடையில் மஞ்சளும் கிடையாது, அதற்கும் தடை. விஜயலெட்சுமி வீட்டுக்குப் பின்னால் கொஞ்சம் மஞ்சள் போட்டிருந்தாள். அவித்து, காயவைத்து, இடித்து, கோயிலுக்கும் தைப்பொங்கலுக்கும் என்று ஒரு டப்பாவில் மூடி வைத்திருந்தாள். அதை எடுத்தேன். நிறம் சரியாக வந்தது. வாயை மடித்து ஒட்டினேன். பாக்கெட்டில் மன்கோசெப் என்று இருந்தது, பச்சைப் பட்டி ஓடியது. கையில் வாங்கியபோது நல்லையாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

நான் அக்கறை இல்லாத ஆள் இல்லை. ஒவ்வொருவரிடமும் சொன்னேன்: மூக்கையும் வாயையும் கட்டிக்கொண்டு அடியுங்கள், காற்றுக்கு எதிரே நிற்காதீர்கள், கையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். வழக்கத்தை விடக் கூடவே சொன்னேன். காலில் பூசுவார்களே என்று ஒரு தடவை நினைவு வந்தது. பயிர் அழுகிப் போகிற நேரத்தில் யார் மருந்தைக் காலில் பூசி வீணாக்குவார்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

பயிர் காப்பாற்றப்படவில்லை. எப்படிக் காப்பாற்றப்படும். ஆனால் ஒருவரும் என்னைக் குறை சொல்லவில்லை. மழை கூடிவிட்டது, அடித்த மருந்து கழுவிப் போய்விட்டது என்றார்கள். நல்லையா கூட, "நீ குடுத்தது போதும் தம்பி, எங்க தலயெழுத்து" என்றார். பாத்தி போன பிறகு பாக்கெட்டில் மிச்சம் இருந்த தூளை என்ன செய்வார்கள்? நிலத்தில் போட ஒன்றுமில்லை. வாசலில் டின் இருக்கிறது. கால் இருக்கிறது. அதிலும் இந்தத் தடவைத் தூளில் மஞ்சள் வாசம். புண்ணுக்கு மஞ்சள் நல்லது என்று குழந்தைக்கும் தெரியும். இதை நான் யோசிக்கவில்லை. யோசித்திருக்க வேண்டும் என்று இப்போது சொல்வது சுலபம்.

விஜயலெட்சுமிக்கு அந்த மழைக்குக் கால் மிகவும் மோசமாக இருந்தது. ஒரு நாள் காலை, நான் எழும்புமுன்னே, கடைத் தட்டில் இருந்து ஒரு பாக்கெட்டைப் பிரித்திருக்கிறாள். எண்ணெயில் குழைத்துப் பூசி, பழந்துணி சுற்றி, சேறு படாமல் அதற்கு மேலே பொலித்தீன் பையையும் கட்டிக்கொண்டு, காலையில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக்குப் போயிருக்கிறாள். என்னை எழுப்பிக் கேட்கவில்லை. புருஷன் கடைச் சரக்கை எந்தப் பொம்பிளை படித்துப் பார்ப்பாள்.

பகல் கொழுந்து நிறுக்கும்போது அவள் விழுந்துவிட்டாள் என்று ஆள் வந்தது. நான் ஓடினேன். தோட்டத்து டிஸ்பென்சரித் திண்ணையில் படுக்கவைத்திருந்தார்கள். வேர்வை ஆறாக ஓடியது. வாயில் எச்சில் நிற்கவில்லை, கண்ணில் நீர் நிற்கவில்லை, சதை தனியாகத் துடித்தது. பெரியாயி அக்கா அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டு, "காலையில நல்லாத்தான் இருந்தா, காலுக்குத் தூளு பூசிக்கிட்டுச் சிரிச்சிக்கிட்டே வந்தா" என்றார். தூள் என்ற சொல்லைக் கேட்டவுடன் எனக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. அந்த வகுப்பில் அடையாளங்களையும் படிப்பித்திருந்தார்கள். கால் துணியை அவிழ்த்துக் கழுவினேன். அதைச் செய்தேன், அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

ஓட்டோ வந்தது. நான் அவர்களை ஏறச் சொல்லிவிட்டு, பாக்கெட்டை எடுத்து வருகிறேன், டாக்டர் கேட்பார் என்று வீட்டுக்கு ஓடினேன். பாக்கெட் வாசற்படியில் இருந்தது. உள்ளே இருந்த தூளைக் கானில் கொட்டி, மழைத்தண்ணீர் அடித்துக்கொண்டு போகும்வரை பார்த்தேன். பாக்கெட்டை உள்ளும் புறமும் கழுவித் துடைத்தேன். ஓட்டோ கீழே ஹோர்ன் அடித்துக்கொண்டே இருந்தது. அதுவரை நான் என்ன செய்யப்போகிறேன் என்று முடிவு எடுக்கவில்லை. கைதான் முடிவு எடுத்தது.

எந்த ஆஸ்பத்திரி என்று பெயர் போட வேண்டாம், ஐயா. அவர்கள் மேல் ஒரு குற்றமும் இல்லை. டாக்டர் வதனி என்று யாழ்ப்பாணத்துப் பிள்ளை, சின்ன வயது. பார்த்தவுடனே அவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. பெரியாயி அக்கா தூளைப் பற்றிச் சொல்ல, என் பக்கம் திரும்பினார்.

"ஐயா, இவ என்னத்தைப் பூசினவ? கம்பெனி வச்ச பேர் வேண்டாம். தொழில்நுட்பப் பெயரைச் சொல்லுங்கோ."

அந்த நேரத்திலும் எனக்கு ஒரு சந்தோஷம் வந்தது. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. இத்தனை வருஷத்தில் ஒருவர் முதல் தடவையாகச் சரியான கேள்வியைக் கேட்டார்.

"மன்கோசெப், டாக்டர்" என்று பாக்கெட்டை நீட்டினேன்.

அவர் படித்தார். நெற்றியைச் சுருக்கினார். "மன்கோசெப் இப்பிடிச் செய்யாது. கண்மணி ரெண்டும் ஊசிமுனை மாதிரிச் சுருங்கிப் போய்க் கிடக்கு. வீட்டில வேற பூச்சிமருந்து ஏதும் இருந்ததோ? வடிவா யோசிச்சுச் சொல்லுங்கோ. ஒருத்தரும் உங்களை ஏசமாட்டினம்."

"இல்லீங்க டாக்டர். அவளுக்குச் சின்ன வயசுல இருந்தே மூச்சு இழுப்பு இருக்கு. மழை வந்தா கூடிரும்."

அவளுக்கு ஒரு நாளும் இழுப்பு இருந்ததில்லை. மலை உச்சியில் இருந்து கூப்பிட்டால் சந்திவரை கேட்கிற குரல் அவளுக்கு.

பெரியாயி அக்கா எனக்குப் பக்கத்தில் நின்றார். அவளுக்கு இழுப்பே இல்லை என்று அவர் சொல்லியிருக்கலாம். என் முகத்தைப் பார்த்தார், என்னை நம்பினார். "தூளு ஒண்ணும் செய்யாது டாக்டரம்மா. நாங்க எல்லாரும் பூசுறோம். தம்பிக்குத் தெரியாத மருந்து இல்ல" என்றார்.

வராந்தாவில் ஒரு வாங்கு போட்டிருந்தார்கள். அதில் உட்கார்ந்தேன். உள்ளே அவள் மூச்சு இழுக்கிற சத்தம் கேட்டது, தண்ணீருக்குள் இருந்து வருகிற மாதிரி. எழுந்து கதவடிக்குப் போனேன். ஒரு சொல்தான். அந்தச் சொல் நாக்கில் இருந்தது. சொன்னால் மாற்று மருந்து இருக்கிறது, அது எனக்குத் தெரியும், டாக்டருக்கும் தெரியும். சொன்னால் பாக்கெட் எப்படி மாறியது என்று கேட்பார்கள். நல்லையாவின் பாத்தி ஏன் அழிந்தது என்று ஊருக்கு விளங்கிவிடும். என்னிடம் வெறும் பாக்கெட்டைக் கழுவிக் கொண்டுவந்து தந்த ஒவ்வொரு கையும் எனக்கு நினைவு வந்தது. திரும்பி வந்து உட்கார்ந்தேன். மறுபடி எழுந்தேன். மறுபடி உட்கார்ந்தேன். பெரியாயி அக்கா மாரியம்மனைக் கூப்பிட்டுக்கொண்டே என் கையைப் பிடித்து, "பயப்படாத தம்பி, நீ பக்கத்துல இருக்க, அவளுக்கு என்னா வரப்போவுது" என்றார். அதற்குப் பிறகு என்னால் எழும்ப முடியவில்லை. தாங்க முடியாத பாரம், ஐயா, அந்தக் கை.

நடுவில் என்னை உள்ளே விட்டார்கள். விஜயலெட்சுமி கண்ணைத் திறந்தாள். பேச வரவில்லை, ஆனால் பேசினாள்.

"ஏங்க, அந்தத் தூள்ல நம்ம மஞ்ச வாசம் வந்துச்சு."

நான் அவள் நெற்றியைத் துடைத்தேன்.

"நம்ம மஞ்சதானே?" என்றாள்.

"பேசாத, மூச்சு வாங்கும்" என்றேன்.

அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். கோபம் இல்லை. கணக்கு ஒன்று சரிவந்த மாதிரி ஒரு பார்வை. பிறகு டாக்டர் வந்து என்னை வெளியே போகச் சொன்னார். பாக்கெட்டில் என்ன இருந்தாலும் பூச்சிமருந்து என்று நினைத்தே வைத்தியம் தொடங்கப்போவதாகச் சொன்னார். தொடங்கவும் செய்தார். நான் காட்டிய பாக்கெட்டும் நான் சொன்ன இழுப்பும் அதற்குள் அவருடைய நேரத்தைத் தின்றுவிட்டிருந்தன. பொழுது சாயும்போது அவள் போய்விட்டாள். அந்தப் பிள்ளை என் முன்னால் நின்று அழுதது. நான்தான் ஆறுதல் சொன்னேன்.

விசாரணை நடந்தது. அதிலும் மன்கோசெப் என்றேன். அவள் உடம்பில் இருந்து ஏதோ எடுத்துக் கொழும்புக்கு அனுப்பினார்கள், முடிவு வர நாளாகும் என்றார்கள். அதுதான் இப்போது வந்து உங்கள் மேசையில் இருக்கிறது. நீங்கள் என்னைத் தேடி வந்ததும் அதனால்தான். ஆனால் இடையில் நாட்கள் இருந்தன. இனி அதைச் சொல்கிறேன்.

அடக்கம் முடிந்து வீட்டில் ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். லயம் முழுக்க இருந்தது. நல்லையா வந்து மூலையில் குந்தியிருந்தார். மழை விடவில்லை. பெண்களெல்லாம் சேற்றில் நின்று நின்று கால் வெளுத்துப் போயிருந்தார்கள். பெரியாயி அக்கா என் முன்னால் வந்து உட்கார்ந்து, சீலை மடியில் இருந்து ஒரு பாக்கெட்டை எடுத்தார். வாய் பிரிக்காத பாக்கெட். நான் ஒட்டியது. எனக்கு என் பசை தெரியும்.

"பழைய தூளு முடிஞ்சிருச்சு தம்பி. இத பயிருக்குன்னு வாங்கினது. அந்த டாக்டரம்மா என்னென்னமோ கேட்டாங்களா, எனக்கு மனசு கேக்கல. நீயே ஒருக்கா படிச்சுச் சொல்லிரு. இது நல்லதுதானே?"

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். அவர்கள் வீட்டு வாசலிலும் இதே பாக்கெட் இருந்தது. நான் இல்லை என்று சொன்னால் அந்த இடத்திலேயே எல்லாருக்கும் எல்லாம் விளங்கும். விஜயலெட்சுமி ஏன் செத்தாள் என்றும், அவளை யார் சாகவிட்டது என்றும். நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டேன். பாக்கெட்டை வெளிச்சத்துக்குத் திருப்பினேன். எப்போதும் போலப் பெரிய எழுத்தை விட்டுவிட்டு, சின்ன எழுத்தை, எல்லாருக்கும் கேட்கிற மாதிரிப் படித்தேன்.

"மன்கோசெப். பங்கசு நாசினி. பச்சைப் பட்டி."

"அது போதும்" என்றார் அக்கா. பாக்கெட்டின் வாயைப் பிரித்து மூக்கருகே கொண்டுபோனார். அவருக்குக் கண் கலங்கிவிட்டது. "நம்ம விஜயா இடிக்கிற மஞ்ச மாதிரியே வாசம் வருது" என்று சொல்லி, அதை மறுபடி மடியில் வைத்துக்கொண்டு போனார். மறுநாள் காலை அவர் பெரட்டுக்கு வந்தார், பகல் நிறுவைக்கு வரவில்லை. தேயிலைக்குள்ளே கிடந்தார் என்று நீங்கள்தான் எனக்குச் சொன்னீர்கள்.

ஆம், ஐயா. பாக்கெட்டை மாற்றியது நான். தூளைக் கானில் கொட்டியது நான். மாற்று மருந்து இருக்கிறது என்று தெரிந்துகொண்டே என் பெண்சாதியைச் சாகவிட்டது நான். பெரியாயி அக்கா பூசுவார் என்று தெரிந்துகொண்டே அந்தப் பாக்கெட்டை அவர் கையில் திருப்பிக் கொடுத்ததும் நான். இரண்டு கொலை என்று போடுங்கள், கையெழுத்து வைக்கிறேன். ஆனால் நீங்கள் மேலே ஓர் இடத்தில், நான் அவருக்குப் பொய்யாகப் படித்துக் காட்டினேன் என்று எழுதியிருக்கிறீர்கள். அதை மட்டும் தயவுசெய்து வெட்டிவிடுங்கள். பாக்கெட்டில் எழுதியிருந்ததைத்தான் படித்தேன். இத்தனை வருஷத்தில் ஒருவருக்கும் ஒரு பாக்கெட்டைக்கூட நான் தப்பாகப் படித்துச் சொன்னதில்லை.